காட்சிக்குள் நிற்கும் இயக்குநர்: பண்பாட்டு ஆவணப்படத்தில் ஆக்குநரின் இருப்பும் ஆவுடையார்கோவில் எழுப்பும் வினாக்களும்

ஆய்வுச்சுருக்கம்

பண்பாட்டு ஆவணப்படங்களை இயக்குபவரே அவற்றுள் தோன்றுவது இன்று பெருவழக்காகியுள்ளது. இதனைத் தன்முனைப்பு என ஒதுக்குவோரும் நேர்மையின் அடையாளம் எனப் பாராட்டுவோரும் உளர். இவ்விரு முடிவுகளும் போதுமானவை அல்ல என்பது இக்கட்டுரையின் கருத்து. ஏ.கே. செட்டியார், ஆர்.வி. ரமணி, லீனா மணிமேகலை ஆகிய மூவரின் ஆக்கங்களை ஒப்பிட்டு, இயக்குநரின் இருப்பு எவ்வெவ்வாறு அமைகிறது என்பதை இக்கட்டுரை விளக்குகிறது. ஆக்குநர் தம் ஆக்கத்துள் இடம்பெறுவதற்குத் தமிழ் இலக்கிய, சிற்ப மரபுகள் வகுத்துள்ள இடத்தை அதனோடு பொருத்திப் பார்க்கிறது. கருவறையில் உருவம் இல்லாத ஆவுடையார்கோவிலைப் படமாக்குவதில் எழும் சிக்கல்கள் வழி, இயக்குநர் எங்கு நிற்கிறார், எத்திசை நோக்குகிறார் என்பதே மதிப்பீட்டுக்குரிய அளவுகோல் என நிறுவ முற்படுகிறது.

திறவுச்சொற்கள்: ஆவணப்படம், ஆக்குநர் இருப்பு, ஆவுடையார்கோவில், ஏ.கே. செட்டியார், ஆர்.வி. ரமணி, லீனா மணிமேகலை, கள ஆய்வு அறம்.

முன்னுரை

புதுக்கோட்டை மாவட்டத்தில் அறந்தாங்கிக்குத் தென்கிழக்கே அமைந்துள்ள ஆவுடையார்கோவில், பழைய வழக்கில் திருப்பெருந்துறை எனப்படும். மாணிக்கவாசகர் வாழ்வோடும் திருவாசகத்தோடும் பிரிக்கவியலாதவாறு இணைந்த தலம் இது. இங்குள்ள கல் கொடுங்கைகளையும் தூண் சிற்பங்களையும் காட்டும் காணொளிகள் இன்று மிகுதியாக வெளிவருகின்றன. அவற்றுட் பலவற்றின் அமைப்பு ஒன்றுபோலவே உள்ளது. படத்தை உருவாக்கியவர் மண்டபத்தின் நடுவே கேமராவை நோக்கி நிற்கிறார். சிற்பம் அவருடைய தோளுக்குப் பின்னால் உள்ளது. அவர் பேசி முடித்ததும் சிற்பம் சில நொடிகள் காட்டப்படுகிறது. மீண்டும் அவர் முகமே திரையை நிறைக்கிறது.

இவ்வமைப்பைக் கண்டு சலிப்புறுவது எளிது. ஆனால் ஆய்வு நோக்கில் அச்சலிப்பு ஒரு விடையாகாது. இயக்குநர் திரையில் தோன்றாத படங்களும் ஒருவருடைய தேர்வுகளால் ஆனவையே. எந்தத் தூணைக் காட்டுவது, எவருடைய சொல்லை வெட்டுவது என்பவற்றை அங்கும் ஒருவர்தான் முடிவு செய்கிறார். அவர் கண்ணுக்குத் தெரிவதில்லை என்பது மட்டுமே வேறுபாடு. அங்ஙனமாயின், தோன்றாமல் இருப்பது அடக்கமா, மறைவா? தோன்றுவது பொறுப்பேற்பா, ஆக்கிரமிப்பா? இவ்வினாக்களுக்கு விடை காணத் தமிழ் ஆவணப்பட வரலாற்றின் தொடக்கத்திலிருந்தே செல்ல வேண்டியுள்ளது.

1. மறைந்து நிற்றல்: ஏ.கே. செட்டியார்

ஆவுடையார்கோவிலுக்கு அதிகத் தொலைவில் இல்லாத செட்டிநாட்டுக் கோட்டையூரில் 1911இல் பிறந்தவர் ஏ.கே. செட்டியார். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்ற இவர், 1937 அக்டோபர் 2 அன்று நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் சென்றுகொண்டிருந்தபோது காந்தியடிகளைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்கும் எண்ணம் கொண்டார். அதற்காகப் பல நாடுகளில் நெடும்பயணம் செய்தார். 30 ஆண்டுக் காலத்தில் நூற்றுக்கு மேற்பட்ட ஒளிப்பதிவாளர்கள் எடுத்திருந்த துண்டுப் படங்களைத் தேடி 50,000 அடி அளவுக்குத் திரட்டினார். அவற்றிலிருந்து 12,000 அடி நீளமுள்ள படம் உருவாகி 1940இல் வெளியாயிற்று. அப்போது அவருக்கு முப்பது வயதுகூட நிறைந்திருக்கவில்லை.

இத்தகைய உழைப்பைச் செலுத்தியவர் தம் படத்தில் தம்மை முன்னிறுத்தவில்லை. படம் காந்தியின் வாழ்க்கையாகவே அமைந்தது. தேடியவரின் கதை அதில் இடம்பெறவில்லை. அக்கதையை அறிய அவர் பின்னர் எழுதிய கட்டுரைகளை நாட வேண்டும். 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்னும் தலைப்பில் ஆ.இரா. வேங்கடாசலபதி பதிப்பித்த அக்கட்டுரைகளிலும்கூடச் செட்டியார் தம்மைப் பற்றி மிகக் குறைவாகவே பேசுகிறார். 1943 முதல் அவர் நடத்திய 'குமரி மலர்' இதழிலும் இவ்வியல்பைக் காணலாம்.

செட்டியாரின் மறைவு வெறும் கூச்சம் அன்று எனலாம். அவர் பயன்படுத்தியவை பிறர் எடுத்த காட்சிகள். ஒளிப்பதிவாளர் பலரின் கண்கள் ஒரு படத்துள் சேர்ந்திருக்கும்போது, தொகுத்தவர் தம் முகத்தை முன்வைப்பது அவர்களுடைய உழைப்பைத் தமதாக்கிக் கொள்வதாக முடிந்திருக்கும். எனினும் இம்மறைவுக்கு ஒரு விலையும் உண்டு. எந்தக் காட்சி எந்நாட்டில் எவரிடமிருந்து எவ்வாறு கிடைத்தது, எதற்குப் பணம் கொடுக்கப்பட்டது, எது கிடைக்காமல் போயிற்று என்பன படத்தைப் பார்ப்பவருக்குத் தெரிவதில்லை. நூலைப் படிப்பவருக்கே தெரிகின்றன. படம் நெடுங்காலம் காணக் கிடைக்காதிருந்தபோது அதன் வரலாற்றைக் காத்து நின்றது அந்த எழுத்தே. ஆகவே செட்டியார் தம் இருப்பைத் துறந்தார் என்பதைவிட, அதனைப் படத்திலிருந்து நூலுக்கு மாற்றினார் என்பது பொருந்தும்.

2. உலக ஆவணப்பட மரபில் ஆக்குநரின் இருப்பு

ஆவணப்படத்தை உருவாக்குவோரைத் திரையில் காட்டும் முயற்சி மேலைநாட்டில் தொடக்கக் காலத்திலேயே நிகழ்ந்தது. ஜிகா வெர்டோவ் 1929இல் உருவாக்கிய 'திரைப்படக் கருவியுடன் ஒரு மனிதன்' என்னும் சோவியத் படத்தில் ஒளிப்பதிவாளரான மிகைல் காஃப்மன் கருவியைத் தோளில் சுமந்து நகரெங்கும் அலைகிறார். படத்தொகுப்பாளர் எலிசவேத்தா ஸ்விலோவா படச்சுருளை வெட்டி ஒட்டுவதும் படத்துள்ளேயே காட்டப்படுகிறது. படம் தானாக விளைவதில்லை. உழைப்பால் செய்யப்படுகிறது என்பதைப் பார்ப்போர் உணர வேண்டும் என்பது அதன் நோக்கம்.

பிரான்சில் மானிடவியலாளர் ழான் ரூஷும் சமூகவியலாளர் எட்கர் மொரானும் இணைந்து உருவாக்கிய 'ஒரு கோடைக்காலத்தின் நாட்குறிப்பு' (1961) இதனை மேலும் ஓரடி முன்னெடுத்தது. பாரீசு மக்களின் வாழ்வைப் பற்றிய அப்படத்தில் இருவரும் தோன்றிக் கேள்வி கேட்கின்றனர். படமாக்கப்பட்டவர்களைத் திரையரங்கில் அமர்த்தி எடுத்த காட்சிகளை அவர்களுக்கே போட்டுக் காட்டுகின்றனர். அவர்களுள் சிலர் படத்தைக் குறை கூறுகின்றனர். அக்குறையும் படத்தின் ஒரு பகுதியாகிறது. இறுதியில் இயக்குநர் இருவரும் அருங்காட்சியகத் தாழ்வாரத்தில் நடந்தவாறே தம் முயற்சி வென்றதா தோற்றதா என உரையாடுகின்றனர். இயக்குநர் தோன்றியதால் படமாக்கப்பட்டோருக்கு மறுத்துரைக்கும் வாய்ப்புக் கிடைத்தது என்பது இங்குக் கருதத்தக்கது.

இந்தியாவைப் பொறுத்தமட்டில் லூயி மாலின் அனுபவம் எண்ணத்தக்கது. 1968இல் அவர் இந்தியாவில் எடுத்த காட்சிகள் 'மாய இந்தியா' என்னும் ஏழு பகுதித் தொடராக வெளிவந்தன. முதற் பகுதிக்கு 'இயலாத கேமரா' என்று பெயர். இரண்டாம் பகுதி சென்னையில் கண்டவற்றைப் பற்றியது; மயிலாப்பூர்த் தேரோட்டமும் கலாக்ஷேத்திரமும் அதில் இடம்பெற்றன. மால் தம் பின்னணிக் குரலில், தமக்குப் புரியாதவற்றைப் புரியவில்லை என்றே கூறுகிறார். ஆயினும் பி.பி.சி. 1970இல் அத்தொடரை ஒளிபரப்பியபோது இந்திய அரசு கடும் எதிர்ப்புத் தெரிவித்து, பி.பி.சி.யின் தில்லி அலுவலகத்தை மூடச் செய்தது. தன் வரம்பை ஒப்புக்கொள்ளும் குரல் படத்தை விமர்சனத்திலிருந்து காப்பாற்றிவிடாது என்பதற்கு இது சான்று.

ஆவணப்படக் கோட்பாட்டாளர் பில் நிக்கோல்ஸ் ஆவணப்படங்களைக் கவித்துவம், விளக்கவுரை, உற்றுநோக்கல், பங்கேற்பு, தற்சிந்தனை, நிகழ்த்துதல் என ஆறு முறைகளாகப் பகுக்கிறார். இயக்குநரின் இருப்பு இவற்றுள் பின் மூன்றில் வெளிப்படையாகிறது. தமிழ்ச் சூழலில் பங்கேற்புக்கும் நிகழ்த்துதலுக்கும் தக்க எடுத்துக்காட்டுகளாக அமைபவை ரமணி, லீனா மணிமேகலை ஆகியோரின் படங்கள்.

3. குரலாகவும் கையாகவும்: ஆர்.வி. ரமணி

புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்ற ஆர்.வி. ரமணி, சென்னையை இருப்பிடமாகக் கொண்டு பண்பாடு, கலை சார்ந்த ஆவணப்படங்களை எடுத்து வருபவர். கேமராவைத் தாமே இயக்குபவர் ஆதலால் அவருடைய இருப்பு பெரும்பாலும் முகமாக அன்றிக் குரலாகவும் கேமராவின் அசைவாகவும் உணரப்படுகிறது. எதிரில் இருப்பவர் ஒரு கருவியை நோக்கிப் பேசுவதில்லை. அதைப் பிடித்திருக்கும் மனிதரோடு பேசுகிறார்.

தென்னிந்திய நிழற்பாவைக் கலைஞர்களைப் பற்றிய அவருடைய 'நீ எங்கே' (2003) ஒரு தேடல் பயணமாக அமைந்தது. தோற்பாவைக் கூத்தில் கலைஞர் திரைக்குப் பின்னால் விளக்கொளியில் அமர்ந்து பாவைகளை ஆட்டிக் குரலும் கொடுக்கிறார். பார்வையாளருக்குத் தெரிவது நிழல் மட்டுமே. மறைந்திருந்து பல குரலில் பேசும் கலைஞரைத் தேடிச் செல்லும் ஒருவர், தாமும் கருவிக்குப் பின்னால் மறைந்திருந்து குரலால் மட்டும் வெளிப்படுவது பொருளோடு இயைந்த ஒரு முறையாகும்.

'என் கேமராவும் சுனாமியும்' (2011) என்னும் படத்தில் அவர் தம்மையே பொருளாக்குகிறார். 2004 டிசம்பர் 26 ஆழிப்பேரலையில் அவருடைய கேமரா பாழானது. கடைசியாகப் பதிவு செய்த நாடா அதனுள் சிக்கிக் கொண்டது. பேரழிவைப் பற்றிய படங்கள் பொதுவாகப் பாதிக்கப்பட்டோரின் துயரை வெளியிலிருந்து காட்டுவன. இப்படமோ பார்க்கும் கருவியே இறந்துபோன நிலையில் காட்சி என்பதற்கு என்ன பொருள் என வினவுகிறது. இங்கு இயக்குநரின் தன்வரலாறு பொருளை மறைக்கவில்லை; அதுவே பொருளாகிறது.

முதுமையில் நினைவு மங்கிவரும் கலைஞர் பானுமதி ராவைப் பற்றிய 'ஓ தட்ஸ் பானு' (2019) படத்துக்காக அவருக்கு 68ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில் கதைசாராப் படப் பிரிவின் சிறந்த இயக்குநர் விருது கிடைத்தது. நினைவு நழுவும் ஒருவரைப் படமாக்குவது அறச் சிக்கல் நிறைந்தது. இயக்குநர் தம் குரலை நீக்கிவிட்டால், அம்முதியவரின் தடுமாற்றம் மட்டுமே எஞ்சி நிற்கும். குரல் இருப்பதால் அது இருவருக்கிடையிலான உரையாடலாகிறது. ஒருவருடைய குறை காட்சிப்பொருளாக மாறுவதில்லை.

4. உடலாக நிற்றல்: லீனா மணிமேகலை

கவிஞரும் இயக்குநருமான லீனா மணிமேகலை 'மாதம்மா', 'பறை', 'தேவதைகள்' முதலான ஆவணப்படங்கள் வழி அறியப்பட்டவர். 'தேவதைகள்' படம் ஒப்பாரி பாடும் பெண், கடலில் உழைக்கும் பெண், ஆதரவற்றோர் உடல்களை அடக்கம் செய்யும் பெண் ஆகிய மூவரைப் பின்தொடர்கிறது.

2011இல் வெளிவந்த 'செங்கடல்' புனைவும் ஆவணமும் கலந்தது. தனுஷ்கோடிக் கடற்கரை மீனவர்களும் ஈழத்து ஏதிலியரும் அதில் தம்மைத் தாமாகவே நடித்தனர். எழுத்தாளர் ஷோபாசக்தி எழுத்திலும் நடிப்பிலும் பங்கேற்றார். மீனவர் வாழ்வைப் பதிவு செய்ய வரும் மணிமேகலை என்னும் ஆவணப்பட இயக்குநராக லீனாவே நடித்தார். கதைக்குள் அவ்வியக்குநர் வெற்றி பெறுபவர் அல்லர். பதிவு செய்வதால் மரணங்கள் நிற்பதில்லை. அதிகாரத்தின் குறுக்கீட்டையும் எதிர்கொள்ள நேர்கிறது. இயக்குநரின் இயலாமையைக் காட்டுவதற்காகவே இயக்குநர் தோன்றுகிறார் என்பது இப்படத்தின் தனித்தன்மை. 2011 தொடக்கத்தில் தணிக்கை வாரியம் இப்படத்துக்குச் சான்றிதழ் மறுத்தது. மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அவ்வாண்டின் இடைப்பகுதியில் அனுமதி வழங்கியது. கதைக்குள் நிகழ்ந்த தடை கதைக்கு வெளியிலும் நிகழ்ந்தது.

இவ்வழியின் எல்லை 2022இல் கனடாவின் டொராண்டோ நகரில் அவர் எடுத்த 'காளி' என்னும் குறும்படத்தில் தெரிகிறது. அதில் அவரே காளி வேடம் புனைந்து நகரத் தெருக்களில் நடக்கிறார். நம் ஊர்களில் வேடமிட்டு வீதி வருவதும் சாமியாடுவதும் பழக்கமானவை. ஆனால் படத்தின் சுவரொட்டி சமய உணர்வைப் புண்படுத்துவதாகப் பலர் கண்டித்தனர். ஒட்டாவாவிலுள்ள இந்தியத் தூதரகம் எதிர்ப்புத் தெரிவித்தது. படத்தைத் திரையிட்ட ஆகா கான் அருங்காட்சியகம் வருத்தம் தெரிவித்துத் திரையிடலைக் கைவிட்டது. இந்தியாவில் பல மாநிலங்களில் வழக்குகள் பதிவாயின. 2023 சனவரியில் உச்ச நீதிமன்றம் கைது நடவடிக்கையிலிருந்து அவருக்கு இடைக்காலப் பாதுகாப்பு அளித்தது.

அச்சர்ச்சையின் சரி தவறுகளைத் தீர்ப்பது இக்கட்டுரையின் நோக்கமன்று. சடங்கில் சாமியாடுபவரை ஊர் அறியும். அவருக்கு வாக்குக் கேட்கும் உரிமையும் மறுக்கும் உரிமையும் ஊருக்கு உண்டு. படத்தில் அவ்வேடம் ஊரை விட்டுப் பெயர்ந்து முன்பின் அறியாத கோடிக்கணக்கானோர் கண்முன் சென்று நிற்கிறது. சடங்கின் சூழலை வேடத்தோடு சேர்த்துக் கொண்டு செல்லக் கேமராவால் இயலுவதில்லை. பண்பாட்டு ஆவணப்படத்தில் தம் உடலையே முன்வைப்பவர் எதிர்கொள்ளும் அடிப்படைச் சிக்கல் இது.

5. தமிழ் மரபில் ஆக்குநரின் இடம்

ஆக்குநர் தம் ஆக்கத்துள் தோன்றுவது நமக்குப் புதிதன்று. திருஞானசம்பந்தர் பதிகங்களின் இறுதிப் பாடலான திருக்கடைக்காப்பில் தம் பெயரையும் ஊரையும் கூறுகிறார். அப்பெயர் வருவது பதிகத்தின் கடைசியில். தலத்தையும் இறைவனையும் பாடி முடித்த பின்னர். அது வெறும் கையொப்பமும் அன்று. பதிகத்தைப் பாடுவோர் பெறும் பயனுக்குப் பாடியவர் தாமே பொறுப்பேற்கும் இடம் அது.

மாணிக்கவாசகர் அவ்வாறு பெயர் பொறிப்பதில்லை. எனினும் திருவாசகம் முழுவதிலும் 'நான்' நிறைந்துள்ளது. அந்த 'நான்' தன் குறையைச் சொல்வதற்கே வருகிறது. தன்னைப் பற்றி இவ்வளவு பேசியும் அது தன்முனைப்பாக நமக்குத் தோன்றுவதில்லை. பேசுபவர் எதிரில் உள்ள ஒருவரை நோக்கியே பேசுகிறார் என்பதே அதற்குக் காரணம்.

சிற்ப மரபிலும் இதே ஒழுங்கைக் காணலாம். மதுரைப் புதுமண்டபத்தில் திருமலை நாயக்கரும் அவர் முன்னோரும் தூண்களில் உருவங்களாக நிற்கின்றனர். மண்டபத்தை எழுப்பிய அரசர் அதனுள் தம்மை ஆளுயரத்துக்குச் செதுக்கச் செய்திருக்கிறார். ஆனால் அவர் கைகூப்பி நிற்கிறார். சிதம்பரம் வடக்குக் கோபுரத்தில் அதனைக் கட்டிய தச்சர் சிலரின் உருவங்களும் பெயர்களுடன் இடம்பெற்றுள்ளன. வழிபாட்டுக்குரிய இடத்தை அவர்கள் எடுத்துக் கொள்ளவில்லை. செல்வோர் கண்ணில் படக்கூடிய, ஆனால் வழியை மறிக்காத ஓரிடத்தில் நிற்கின்றனர்.

இச்சான்றுகளிலிருந்து ஓர் அளவுகோலை வருவிக்கலாம். ஆக்குநர் தோன்றலாமா கூடாதா என்பது நம் மரபின் வினாவாக இருந்ததில்லை. அவர் நிற்கும் இடம் எது, அவர் முகம் எதை நோக்கியுள்ளது என்பனவே மரபு கருத்திற்கொண்டவை. தூணில் கைகூப்பி நிற்பவரின் பார்வையைத் தொடர்ந்தால் சந்நிதிக்குச் சென்று சேர்கிறோம். கேமராவை நோக்கி நிற்கும் தொகுப்பாளரின் பார்வையைத் தொடர்ந்தால் நம்மிடமே திரும்பி வருகிறோம்.

6. ஆவுடையார்கோவில்: காட்டவியலாததைக் காட்டுதல்

இவ்வளவுகோலைச் சோதித்தறிய ஆவுடையார்கோவிலைப் போல் தக்க இடம் பிறிதொன்று இல்லை எனலாம். தென்முகம் நோக்கிய இக்கோவிலின் கருவறையில் இலிங்கத்தின் பாணம் இல்லை. ஆவுடையார் எனப்படும் பீடமே உள்ளது. அதன்மேல் குவளை சாத்தி ஆத்மநாதராக வழிபடுகின்றனர். யோகாம்பாள் சந்நிதியிலும் உருவம் இல்லை. திருவடிகளைப் பலகணி வழியாகக் காண வேண்டும். கொடிமரமும் நந்தியும் இல்லை. புழுங்கலரிசிச் சோற்றைக் கல்மேடையில் பரப்பி அதன் ஆவியையே படைக்கின்றனர். விழாக்காலங்களில் வீதியுலா வருபவர் மாணிக்கவாசகர். மரபுரையின்படி இக்கோவிலை எழுப்பியவரும் அவரே. ஆக்குநரே தம் ஆக்கத்துள் வணங்கப்படும் வடிவமாக நிற்கும் தலம் இது. அவர் அடியவராகவே அங்கு நிற்கிறார்.

கருவறை உருவமின்றி இருக்க, வெளி மண்டபங்களோ உருவங்களால் நிரம்பி வழிகின்றன. வீரபத்திரர், பிட்சாடனர், காளி, குறவன், குறத்தி எனத் தூண்தோறும் பேருருவங்கள் உள்ளன. நரியைப் பரியாக்கிய திருவிளையாடலை நினைவூட்டும் குதிரைமேல் அமர்ந்த இறைவனும் அவற்றுள் ஒருவர். கொடுங்கைகளின் அடிப்பகுதியில், மரச்சட்டங்களைக் கம்பிகளால் இணைத்து ஆணி அடித்தது போன்ற தோற்றம் கருங்கல்லிலேயே செதுக்கப்பட்டுள்ளது. பிற்காலச் சிற்பிகள் பணி ஏற்கும்போது ஆவுடையார்கோவில் கொடுங்கை போன்ற சிலவற்றை நீங்கலாக என்று எழுதிக் கொடுத்தனர் என்னும் வாய்மொழி வழக்கும் உண்டு.

இங்குப் படம் எடுப்பவர் இரு சிக்கல்களை எதிர்கொள்கிறார். முதலாவது, மண்டபத்தில் காட்சிப்பொருள் அளவுக்கு மீறி உள்ளது. கொடுங்கையின் அருமை அதன் அளவில் உள்ளது; ஆனால் அண்மைக் காட்சியில் அளவு தெரிவதில்லை. ஒரு மனிதர் அதன் கீழே நின்று கழுத்தை நிமிர்த்தினால் உடனே தெரிகிறது. பழைய தொல்லியல் ஒளிப்படங்களில் சிற்பத்தின் அருகே ஒருவரை நிறுத்தியது இதற்காகவே. இங்கு இயக்குநரின் உடல் பயனுள்ள ஓர் அளவுகோலாகிறது. அவர் கொடுங்கைக்கு முதுகு காட்டாமல் அண்ணாந்து பார்த்தால், பார்ப்பவர் கண்ணும் உடன் உயரும். அவ்விடத்தில் ஒரு சிற்பத் தொழிலாளி நின்று, கல்லை எப்பக்கமிருந்து குடைந்திருப்பர் எனத் தம் கையால் காட்டி விளக்கினால், அது இன்னும் சிறப்பாக அமையும்.

இரண்டாவது சிக்கல் ஆழமானது. மண்டபத்தைக் கடந்ததும் கேமரா நின்றுவிட வேண்டும். கருவறையைப் படமெடுக்க மரபு இடந்தருவதில்லை. இடந்தந்தாலும் அங்கு உருவமாக எதுவும் இல்லை. படத்தில் இங்கு ஒரு வெற்றிடம் உருவாகிறது. அவ்வெற்றிடத்தைத் தம் முகத்தாலும் வியப்புரையாலும் நிரப்பும் ஆசை இயக்குநருக்கு எழும். அவ்வாறு நிரப்பினால், உருவமின்மையையே வழிபாடாகக் கொண்ட ஒரு தலத்தில், இல்லாத உருவத்தின் இடத்தில் இயக்குநரின் உருவத்தை வைத்ததாகிவிடும். அங்கு ஓதுவாரின் குரலோ பூசைப் பணி செய்வோரின் சொல்லோ வெறும் இருளோ போதுமானது.

கட்டுரையாளரின் கள அனுபவம் ஒன்றையும் இங்குக் குறிப்பிட வேண்டும். இக்கோவிலோடு நெடுங்காலத் தொடர்புடைய முதியவர் ஒருவரின் பேச்சைப் பதிவு செய்தபோது, "கொடிமரம், நந்தி எதுவும் இல்லாதது வருகிறவர்களுக்குக் குறையாகத் தோன்றாதா ஐயா?" என்று கேட்டேன். "குறைன்னு இங்க யாரும் நெனச்சதில்ல தம்பி. இல்லாததுதான் இங்க சாமி" என்றார். பின்னர்ப் பதிவைச் சுருக்கியபோது, தெளிவு கருதி என் கேள்விகளை எல்லாம் நீக்கினேன். சில வாரங்கள் கழித்துக் கேட்டபோது பிழை புலப்பட்டது. கேள்வி நீங்கிய நிலையில், ஊரில் யாரோ குறை கூறி வருவதைப் பெரியவர் மறுப்பதுபோல் அப்பேச்சு ஒலித்தது. 'குறை' என்னும் சொல்லைக் கொண்டுவந்தவன் நான். அவர் வாயிலிருந்து அது தானே பிறந்ததாக என் பதிவு காட்டியது. அடக்கம் என்று எண்ணி நான் செய்தது, உண்மையில் என் பங்கை மறைத்ததாக முடிந்தது. கேள்வியை மீண்டும் சேர்த்த பின்னரே அப்பதிவு ஆய்வுக்குப் பயன்படத் தக்கதாயிற்று. பெரியவரிடமும் அதனைப் போட்டுக் காட்டினேன். "ஒங்க கேள்வியும் இருந்தாத்தான் நான் சொன்னது வெளங்கும்" என்றார்.

7. மதிப்பீட்டுக்கான வினாக்கள்

மேற்கண்ட ஆய்வின் அடிப்படையில், இயக்குநர் தோன்றும் பண்பாட்டு ஆவணப்படத்தை அணுகுவோர் நான்கு வினாக்களை எழுப்பலாம்.

முதலாவது, இயக்குநரின் இருப்பை நீக்கினால் படத்தின் பொருள் மாறுகிறதா? ரமணியின் சுனாமிப் படத்தில் மாறும். கேமராவை நோக்கிச் செய்தி மட்டும் சொல்லும் காணொளியில் மாறாது. அங்கு அவ்விருப்பு தேவையற்றது.

இரண்டாவது, படமாக்கப்பட்டவர் இயக்குநரை மறுக்கவோ திருத்தவோ படத்துள் இடமுண்டா? ரூஷ், மொரான் படத்தில் உண்டு. இவ்விடம் இல்லாதபோது, இயக்குநரின் தோற்றம் உரையாடல் போன்ற மயக்கத்தை மட்டுமே தருகிறது.

மூன்றாவது, அறிவு எவருடைய பெயரில் நிற்கிறது? ஓதுவாரிடமும் சிற்பியிடமும் கோவில் பணியாளரிடமும் கேட்டறிந்ததைத் தொகுப்பாளர் தம் சொல்லாகக் கூறும்போது, அச்செய்தி பிற்காலத்தில் தொகுப்பாளரின் பெயராலேயே மேற்கோள் காட்டப்படும். இக்காலத் தலக் காணொளிகளில் நிகழும் பெரிய இழப்பு இதுவே. கேட்டவரின் முகம் எஞ்சுகிறது. சொன்னவரின் பெயர் மறைகிறது. தம் குடும்பத்தில் வழிவழியாகக் காத்த செய்தியை மற்றொருவர் திரையில் தம்முடையதாகச் சொல்வதைக் காணும் முதியவர், அடுத்து வரும் ஆய்வாளருக்கு வாய் திறக்கத் தயங்குவார்.

நான்காவது, இயக்குநர் தம் தவற்றையும் இயலாமையையும் காட்டுகிறாரா? 'செங்கடல்' இயக்குநரின் தோல்வியைக் கதையாக்கியது. வெற்றியில் மட்டும் தோன்றி, அனுமதி மறுக்கப்பட்ட இடங்களையும் தவறாகப் புரிந்துகொண்ட தருணங்களையும் வெட்டிவிடும் இருப்பை முழுமையான பொறுப்பேற்பாகக் கொள்ள இயலாது.

முடிவுரை

ஏ.கே. செட்டியார் திரையில் தம்மை மறைத்து நூலில் தம் தேடலைப் பதிவு செய்தார். ரமணி குரலாக நின்று எதிரில் இருப்பவரோடு உரையாடுகிறார். லீனா மணிமேகலை தம் உடலையே முன்வைத்து அதன் விளைவுகளையும் ஏற்க நேர்ந்தது. மூவரின் வழிகளும் வெவ்வேறு. எடுத்துக்கொண்ட பொருளுக்கேற்பவே ஒவ்வொன்றும் பொருந்துகிறது. பிறர் எடுத்த காட்சிகளைத் தொகுத்த செட்டியாருக்கு மறைவு ஏற்றது. நேருக்கு நேர் கேட்டுப் பதிவு செய்யும் ஆய்வாளனுக்கு அதே மறைவு பிழையாக முடியும் என்பதைக் கள அனுபவம் உணர்த்தியது.

வாய்மொழி வழக்காறுகளையும் கோவில் மரபுகளையும் காணொளியாகப் பதிவு செய்யும் ஆய்வு மாணவர் தொகை பெருகி வருகிறது. அவர்கள் கைக்கொள்ளத்தக்க எளிய நடைமுறைகள் சில உள்ளன. கேள்வியை நீக்காமல் பதிவில் வைத்தல், சொன்னவரின் விருப்பம் அறிந்து அவர் பெயரைத் திரையில் இடுதல், தொகுத்த பதிவை அவருக்கே முதலில் காட்டுதல், காட்டக்கூடாததன் முன் கேமராவை நிறுத்துதல் என்பன அவை. இவற்றைச் செய்பவரின் முகம் திரையில் தெரிந்தாலும் தெரியாவிட்டாலும், அவர் நிற்கும் இடம் பார்ப்போருக்கு விளங்கும்.

ஆவுடையார்கோவிலின் மண்டபங்களில் பெயரறியாச் சிற்பிகள் பலர் தம் கைத்திறனை விட்டுச் சென்றுள்ளனர். அதைக் காண ஒளிப்பதிவுக் கருவியோடு செல்பவர் முதலில் செய்ய வேண்டியது, கொடுங்கையின் பக்கம் திரும்பி நின்று, அதனை அறிந்தவர் சொல்வதைக் கேட்பதே.